விளக்கை அணைக்கத் தெரிந்தவர்

2011 டிசம்பர் 30 அன்று காலை தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்தபோது நான் முதுநகரில் எங்கள் வீட்டில் இருந்தேன். சென்னையில் ஓர் அனிமேஷன் நிறுவனத்தில் லைட்டிங் ஆர்ட்டிஸ்டாக வேலை பார்த்துக்கொண்டிருந்த நான், ஆண்டு இறுதி விடுப்பில் ஊருக்கு வந்திருந்தேன். காற்று ஓய்ந்த பிறகு வெளியே வந்து பார்த்தால் மின்கம்பங்களும் மரங்களும் ஒன்றோடொன்று பின்னித் தெருவை அடைத்துக் கிடந்தன. மின்சாரம் திரும்பி வரப் பல நாட்கள் ஆயின. அந்த இரவுகளில் எங்கள் கூடத்தில் ஒரே ஒரு மெழுகுவத்திதான் எரிந்தது. அதன் அருகில் உட்கார்ந்திருந்த அம்மாவின் முகம் மட்டும் முழுதாகத் தெரிந்தது. சற்றுத் தள்ளி இருந்த அப்பாவுக்குப் பாதி முகம்தான். சுவரோரம் பாயில் படுத்திருந்த பாட்டி அங்கே இருக்கிறார் என்பது அவர் புரண்டு படுக்கும்போது மட்டுமே தெரிந்தது. ஆனாலும் யாரும் யாரையும் காணவில்லை என்று தேடவில்லை.

அதைப் பார்த்தபோது, விடுப்புக்கு முன் நான் முடிக்காமல் விட்டுவந்த ஒரு ஷாட் நினைவுக்கு வந்து மனத்தை உறுத்தியது. குடிசைக்குள் ஒரு கிழவியும் அவளுடைய பேரனும் அரிக்கேன் விளக்கின் இரு பக்கமும் உட்கார்ந்திருக்கும் ஷாட் அது. கதையில் அங்கே இருப்பது ஒரு விளக்கு. கணினியில் நான் வைத்திருந்தவை முப்பதுக்கும் மேல். கிழவியின் கண்ணில் மட்டும் மினுங்குவதற்கு ஒன்று, பேரனின் தலைமுடி ஓரத்தைப் பிரித்துக் காட்ட ஒன்று, பின்னால் இருக்கும் பானைகளுக்கு ஒன்று என்று ஒவ்வொரு பொருளுக்கும் தனித்தனியே விளக்கு கொடுத்திருந்தேன். கணினியில் இது மிக எளிது. குறிப்பிட்ட ஒரு பொருளின் மீது மட்டும் விழுந்து பக்கத்துப் பொருளைத் தொடாத விளக்கை வைக்கலாம். நிழலே விழாத விளக்கை வைக்கலாம். எண்ணுக்கு முன்னால் கழித்தல் குறி போட்டால் வெளிச்சத்தை உறிஞ்சிக்கொள்ளும் விளக்கையும் வைக்கலாம். தூரம் இரண்டு மடங்கானால் ஒளி நான்கில் ஒரு பங்காகக் குறையும் என்பது பள்ளியில் படித்த விதி. நாங்கள் பயன்படுத்திய மாயா மென்பொருளில் புதிதாக ஒரு விளக்கை வைத்தால் அந்த விதி இயங்காது. நாமாகத் தேர்ந்தெடுத்தால்தான் இயங்கும். நான் தேர்ந்தெடுக்கவில்லை. அதனால் என்னுடைய அரிக்கேன் விளக்கு குடிசையின் மூலை முடுக்கெல்லாம் ஒரே சீராக எரிந்துகொண்டிருந்தது.

அந்த நாட்களில் நான் விடாமல் பின்தொடர்ந்துகொண்டிருந்த ஒளிப்பதிவாளர் ரோஜர் டீக்கின்ஸ். நடிகர்களை வைத்து எடுக்கும் படங்களில் உலகப் புகழ் பெற்ற பிறகு, அறுபது வயதை நெருங்கும்போது அனிமேஷன் கூடங்களுக்குள் நுழைந்து அங்கேயும் தன் கைத்தடத்தை விட்டவர் அவர். இந்த இரண்டு உலகங்களிலும் வேலை செய்ய ஆசைப்படும் ஒருவர், அவர் சேர்ந்த இடங்களின் பட்டியலைவிட அவர் எந்த வரிசையில் எதைக் கற்றார் என்பதைக் கவனிக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன்.

டீக்கின்ஸ் 1949-இல் இங்கிலாந்தின் தென்மேற்கில், டெவன் மாவட்டத்துக் கடலோர ஊரான டார்க்கீயில் பிறந்தார். முதலில் பாத் நகரில் வரைகலை படித்தார். பிறகு புகைப்படத்தின் மீது நாட்டம் கொண்டு, அப்போதுதான் தொடங்கப்பட்டிருந்த தேசியத் திரைப்படப் பள்ளிக்கு விண்ணப்பித்தார். முதல் முறை இடம் கிடைக்கவில்லை. இடைப்பட்ட காலத்தில் வட டெவன் கிராமங்களில் சுற்றி அந்த மக்களின் வாழ்க்கையைப் படம்பிடித்தார். அடுத்த ஆண்டு பள்ளியில் சேர்ந்தார். படிப்பு முடிந்ததும் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் ஆவணப்படங்கள். உலகைச் சுற்றிவரும் பாய்மரப் படகுப் போட்டி ஒன்றைப் பதிவுசெய்யப் பல மாதங்கள் படகிலேயே வாழ்ந்தார். போர் நடந்துகொண்டிருந்த ஆப்பிரிக்க நாடுகளுக்கும் கேமராவோடு போனார்.

படகில் ஒளிப்பதிவாளரால் விளக்கு வைக்க முடியாது. வெயில் எங்கிருந்து வருகிறதோ அதற்கேற்பத் தான்தான் நகர்ந்துகொள்ள வேண்டும். இதை நான் அப்பாவிடம் வேறு விதமாகக் கற்றிருந்தேன். திருப்பாதிரிப்புலியூரில் அவர் நடத்திய சிறிய ஸ்டுடியோவில் அலுமினியக் குடைக்குள் பொருத்திய இரண்டு 500 வாட் பல்புகள் இருந்தன. ஆனால் கைக்குழந்தைகளைப் படம்பிடிக்கும்போது அவற்றைப் போடமாட்டார். சூட்டில் குழந்தை அழும் என்பதால் ஜன்னலோரம் கிடத்தி, எதிர்ப்பக்கம் தன் வெள்ளை வேட்டியை நாற்காலி மேல் விரித்து, அதில் பட்டுத் திரும்பும் வெளிச்சத்திலேயே எடுப்பார். டீக்கின்ஸ் அரைவட்டமாக மஸ்லின் துணியைத் தொங்கவிட்டு, அதன் மேல் விளக்குகளை அடித்து, திரும்பி வரும் மென்மையான ஒளியை முகத்தில் விழச் செய்யும் முறையைப் பல ஆண்டுகள் கழித்துப் படித்தபோது, எனக்கு அப்பாவின் வேட்டிதான் கண்முன் நின்றது. நம் படப்பிடிப்புத் தளங்களில் தெர்மாகோல் பலகை செய்வதும் இதே வேலையைத்தான்.

ஆவணப்படத்திலிருந்து கதைப்படத்துக்கு வந்த டீக்கின்ஸ், 1991-இல் அமெரிக்க இயக்குநர்களான கோயன் சகோதரர்களோடு முதல் முறையாகச் சேர்ந்தார். அவர்களுக்காக 2000-இல் வெளிவந்த 'ஓ பிரதர், வேர் ஆர்ட் தௌ?' என்ற படத்தில் செய்ததுதான் என் பார்வையில் அவருடைய வாழ்க்கையின் திருப்பம். கதை நடப்பது வறட்சியும் பஞ்சமும் நிறைந்த 1930-களின் அமெரிக்கத் தென்பகுதியில். அவர்கள் படம்பிடித்ததோ மிசிசிப்பி மாநிலத்தின் கோடையில். எங்கு பார்த்தாலும் கண்ணைப் பறிக்கும் பசுமை. இயக்குநர்களுக்கு வேண்டியதோ பழைய புகைப்படத்தின் காய்ந்த மஞ்சள். ஃபிலிமைக் கழுவும் வேதிமுறைகளில் அது கைகூடவில்லை. கடைசியில் முழுப்படத்தின் நெகட்டிவையும் ஸ்கேன் செய்து, கணினியில் பச்சையை மட்டும் பிரித்தெடுத்து மஞ்சளாக்கி, மறுபடியும் ஃபிலிமுக்கு மாற்றினார்கள். ஹாலிவுட்டில் ஒரு முழுநீளப் படத்தின் நிறம் முழுக்கக் கணினி வழியே சீர்செய்யப்பட்டது அதுதான் முதல் முறை என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. இன்று நம்மூர்க் குறும்படம் கூட, 'டிஐ' என்று சொல்லப்படும் இந்தக் கணினி நிறச் சீரமைப்பைச் செய்யாமல் வெளிவருவதில்லை. உண்மையான மரத்தில் இருந்த இலையின் நிறத்தை ஒவ்வொரு ஃப்ரேமிலும் மாற்றி எழுதியபோதே அவர் அனிமேஷனின் வாசற்படியில் கால் வைத்துவிட்டார் என்றுதான் நான் கருதுகிறேன்.

பிக்சார் நிறுவனம் 2008-இல் வெளியிட்ட 'வால்-ஈ' படத்துக்காக அவரை ஆலோசனைக்கு அழைத்தது. இயக்குநர் ஆண்ட்ரூ ஸ்டான்டனுக்கு ஒரு குறை இருந்தது. 1970-களின் அறிவியல் புனைவுப் படங்களில் இருந்த, ஒரு மனிதன் உண்மையான கேமராவை ஓர் இடத்தில் நிறுத்தி எடுத்தான் என்ற உணர்வு கணினிப் படத்தில் வரவில்லை. ஆகவே பானாவிஷன் கேமராவையும், அகன்ற காட்சியைப் பக்கவாட்டில் சுருக்கிப் பதிவுசெய்யும் அனமார்ஃபிக் லென்ஸையும் வரவழைத்து, ரோபோக்களின் மாதிரி உருவங்களைத் தரையில் வைத்து நிஜமாகவே படம்பிடித்து, கணினியில் உருவான அதே காட்சியோடு ஒப்பிட்டார்கள். கணினிக்குள் இருந்த லென்ஸ் உண்மையான லென்ஸைப் போல நடந்துகொள்ளவில்லை என்பது அப்போதுதான் கண்ணுக்குத் தெரிந்தது. பின்னணி மங்கும் அளவு, ஓரங்களின் வளைவு, விளக்கொளி நீள்வட்டமாகக் கலங்குவது என்று ஒவ்வொன்றையும் திருத்தினார்கள். லென்ஸ் செய்கிறவர்கள் பல பத்தாண்டுகளாகப் போராடி நீக்க முயன்ற குறைகளைத் தேடிப் பிடித்து உள்ளே கொண்டுவர வேண்டியிருந்தது. அவை இல்லாத இடத்தில் பார்ப்பவரின் கண் எதையோ நம்ப மறுத்தது.

இதில் இன்னொரு செய்தி இருக்கிறது. துறைக்கு வெளியே இருப்பவர்களுக்கு அது அவ்வளவாகத் தெரியாது. நடிகர்களை வைத்து எடுக்கும் படத்தில் கேமரா எங்கே நிற்க வேண்டும், ஒளி எங்கிருந்து வர வேண்டும் என்ற இரண்டையும் ஒரே மனிதர் ஒரே நேரத்தில் தீர்மானிக்கிறார். டீக்கின்ஸ் பெரும்பாலும் கேமராவைத் தானே இயக்குபவரும்கூட. கணினி அனிமேஷனிலோ இந்த வேலை இரண்டாக வெட்டப்பட்டிருக்கிறது. லேஅவுட் பிரிவு கேமராவை நிறுத்தும். அதன் பிறகு அனிமேட்டர்கள் பாத்திரங்களை அசைப்பார்கள். எல்லாம் முடிந்து பூட்டப்பட்ட பிறகு, சில வேளை மாதக்கணக்கில் கழித்து, லைட்டிங் பிரிவுக்கு ஷாட் வந்து சேரும். ஒளிக்காகக் கேமராவை ஓர் அடி நகர்த்துவது என்பது அப்போது ஏறக்குறைய முடியாத காரியம். அந்த வெட்டுக் காயத்தைத் தைப்பதற்குத்தான் ஓர் ஒளிப்பதிவாளர் தேவைப்பட்டார். 2010-இல் வந்த 'ஹவ் டு ட்ரெயின் யுவர் டிராகன்' படத்திலும் அதன் அடுத்த பாகங்களிலும், காட்சி விளைவு நிறுவனமான ஐஎல்எம்-இன் முதல் முழுநீள அனிமேஷனான 2011-இன் 'ராங்கோ'விலும் ஆலோசகராக அவர் பெயர் வருகிறது.

டிராகன் படத்தை நான் முதலில் பார்த்தபோது என்னை உலுக்கியது அதன் இருட்டு. குழந்தைகளுக்கான படம் என்றால் பளிச்சென்று இருக்க வேண்டும் என்பது நாங்கள் பழகியிருந்த நியதி. அந்தப் படத்திலோ தீப்பந்த வெளிச்சம் எட்டாத இடத்தில் முகங்கள் தயக்கமில்லாமல் நிழலுக்குள் போயின. மேகமூட்டமான பகல் உண்மையிலேயே மேகமூட்டமாக இருந்தது. கணினியில் எல்லாமே செய்ய முடியும் என்பதால் எதைச் செய்யக்கூடாது என்று சொல்ல ஒருவர் வேண்டும். பல ஆண்டுகள் படகிலும் போர்முனையிலும் இருந்த ஒளியை மட்டும் வைத்து வேலை செய்தவருக்குத்தான் அப்படிச் சொல்லும் துணிவு வரும். டீக்கின்ஸ் அனிமேஷனுக்குக் கொண்டுவந்த கொடை புதிய விளக்கு எதுவுமில்லை, விளக்கை அணைக்கும் பழக்கம்தான் என்பதே என் எண்ணம்.

2012 ஜனவரியில் சென்னைக்குத் திரும்பியதும் முதல் வேலையாக என் குடிசையின் எல்லா விளக்குகளையும் அணைத்தேன். அரிக்கேன் விளக்கின் இடத்தில் ஒன்றை மட்டும் வைத்து, தூரத்தோடு ஒளி குறையும் விதியை இயங்கவிட்டேன். கிழவியின் முகம் அற்புதமாக வந்தது. பேரனோ முழுக்கக் கருத்துப்போனான். விளக்கு அவனிடமிருந்து அவ்வளவு தள்ளி இருந்தது. எங்கள் சூப்பர்வைசர் என் பின்னால் வந்து நின்று, "தம்பி, டிவியில பார்க்கிறவங்களுக்கு இந்தப் பையன் இருக்கிறதே தெரியாது. அவனுக்கு ஒரு லைட்டு போட்டுடுப்பா" என்றார். "அண்ணா, லைட்டு வேணாம். அரிக்கேன் விளக்கை ஒரு சாண் அவன் பக்கம் தள்ளி வைக்கலாமா?" என்று கேட்டேன். படப்பிடிப்புத் தளமாக இருந்தால் உதவியாளர் ஒருவர் குனிந்து நொடியில் நகர்த்திவிட்டுப் போயிருப்பார். எங்களுக்கோ அது பூட்டப்பட்ட ஷாட். நான் லேஅவுட் பிரிவுக்குப் போய் நின்று, அவர்கள் அனிமேட்டரிடம் கேட்டு, கிழவியின் கை விளக்கைத் தொடும் அசைவு மாறும் என்று அவர் மறுத்து, பிறகு அவரே மனமிரங்கி இரண்டு நாள் கூடுதலாக உட்கார்ந்து அந்தக் கையைத் திருத்தித் தந்தார். அந்த இரண்டு நாளுக்காக இன்றும் அவருக்குக் கடன்பட்டிருக்கிறேன். விளக்கு நகர்ந்ததும், பேரனின் பின்னால் இருந்த மண்சுவரில் பட்டுத் திரும்பிய ஒளியாகக் கருதி மிக மங்கலாக ஒன்றை மட்டும் சேர்த்தேன். எதிரொளியைத் தானாகக் கணக்கிடும் வசதி அப்போது எங்களிடம் இல்லை. ஷாட் இரண்டு விளக்குகளோடு முடிந்தது. ஒளிபரப்பான அன்று அதைப் பார்த்துவிட்டு அப்பா தொலைபேசியில், "புயலுக்கு அப்புறம் நம்ம கூடம் இருந்த மாதிரியே இருக்குப்பா" என்றார்.

தானே புயலுக்குச் சுமார் ஓராண்டு முன்பு, 2011 ஜனவரியில், புதுச்சேரித் தாவரவியல் பூங்காவில், ஒரு பையனும் ஒரு புலியும் நடுக்கடலில் படகில் தவிக்கும் கதையான 'லைஃப் ஆஃப் பை' படத்தின் படப்பிடிப்பு நடந்தது. பிரெஞ்சுக்காரர்கள் 1826-இல் அமைத்த அந்தப் பூங்காதான் கதையில் வரும் மிருகக்காட்சிசாலை. விடுமுறை நாளில் அங்கே போய், மதிலுக்கு வெளியே நின்று எட்டிப் பார்த்தவர்களில் நானும் ஒருவன். அந்தப் படத்தின் ஒளிப்பதிவாளர் கிளாடியோ மிராண்டா, விளக்குகளைக் கையாளும் கேஃபராகப் பல ஆண்டுகள் உழைத்து மேலே வந்தவர். புதுச்சேரியில் அவர் எடுத்தது நம் வெயிலை. கடல் காட்சிகளுக்காகத் தைவானின் தைச்சுங் நகரில், கைவிடப்பட்ட விமான நிலையத்தில் கட்டிய பெரிய தண்ணீர்த் தொட்டியில் எடுத்தது படகையும் ஒரு பையனையும். பெரும்பாலான ஷாட்களில் புலி கணினியில் பிறகு வந்து சேர்ந்தது. 2013-இல் சிறந்த ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் மிராண்டாவுக்குக் கிடைத்தபோது, பாதிப் படம் கணினியில் உருவானது என்றால் பரிசு யாருக்கு என்ற கேள்வி உரக்கவே எழுந்தது. அதற்கு முன்னும் பின்னும் 'அவதார்', 'ஹ்யூகோ', 'கிராவிட்டி' என்று கணினியை நம்பிய படங்களே அந்தப் பரிசைப் பெற்றுவந்ததால் கேள்வி சூடாகவே இருந்தது.

அந்தக் கேள்வியை நான் மதிக்கிறேன். ஆனால் அது பிறக்கும் இடம் தவறு என்று நினைக்கிறேன். இல்லாத புலியின் முதுகில் எந்தப் பக்கத்திலிருந்து வெயில் விழ வேண்டும் என்பதைத் தொட்டியில் படகின் மேல் விழுந்த வெளிச்சம்தான் தீர்மானித்தது. அந்த வெளிச்சத்தை வைத்தவர் ஒளிப்பதிவாளர். அதைப் பின்பற்றி ஒவ்வொரு ரோமத்துக்கும் ஒளியூட்டியவர்கள் ரிதம் அண்ட் ஹ்யூஸ் கூடத்தின் கலைஞர்கள். பரிசு கிடைத்த அதே பிப்ரவரியில் அந்த நிறுவனம் திவாலாகி, விருது அரங்குக்கு வெளியே காட்சி விளைவுக் கலைஞர்கள் திரண்டு நின்று போராடினார்கள். ஒளிப்பதிவாளரையும் லைட்டிங் கலைஞரையும் எதிரெதிரே நிறுத்தும் பேச்சைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு அந்த நாள்தான் நினைவுக்கு வரும். இருவரும் செய்வது ஒரே தொழில்.

பொம்மைகளை ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்தி எடுக்கும் ஸ்டாப் மோஷனில் இந்தப் பிரிவினையே எழுவதில்லை. 'சிக்கன் ரன்', 'ஃபென்டாஸ்டிக் மிஸ்டர் ஃபாக்ஸ்', 'ஐல் ஆஃப் டாக்ஸ்' ஆகிய படங்களில் பணியாற்றிய பிரிட்டிஷ் ஒளிப்பதிவாளர் டிரிஸ்டன் ஆலிவரின் வேலையைப் பார்த்தால் புரியும். அங்கே விளக்கு உண்மையானது, லென்ஸ் உண்மையானது. நேரம் மட்டும்தான் பொய். திரையில் சில நொடிகள் ஓடும் ஒரு ஷாட்டுக்குப் பல நாட்கள் அந்த விளக்கு இம்மியும் மாறாமல் எரிய வேண்டும். மின்னழுத்தம் சிறிது ஏறி இறங்கினாலும் திரையில் காட்சி துடிக்கும். அனிமேட்டர் வெள்ளைச் சட்டை போட்டு வந்தால் அது வெளிச்சத்தைத் திருப்பியடித்து ஒவ்வொரு ஃப்ரேமிலும் வேறுவேறு அளவில் விழும் என்பதால் கருப்பு உடைதான். அதே ஆலிவர், போலந்து ஒளிப்பதிவாளர் உகாஷ் ஜாலோடு சேர்ந்து 2017-இன் 'லவ்விங் வின்சென்ட்' படத்தை நடிகர்களை வைத்து எடுத்தார். பின்னர் நூற்றுக்கும் மேற்பட்ட ஓவியர்கள் ஏறத்தாழ 65,000 ஃப்ரேம்களை எண்ணெய் வண்ணத்தில் கையால் தீட்டினார்கள். ஒளிப்பதிவாளர் வைத்த நிழல் ஓவியரின் தூரிகை வழியே திரைக்கு வந்தது.

தமிழிலும் இதற்கு ஒரு முன்னோட்டம் நடந்திருக்கிறது. 2014-இல் வந்த 'கோச்சடையான்', நடிகர்களின் அசைவுகளைப் பதிவுசெய்து கணினி உருவங்களுக்குக் கொடுக்கும் மோஷன் கேப்சர் முறையில் உருவானது; அதன் ஒளிப்பதிவாளர் என்று ராஜீவ் மேனனின் பெயர் வருகிறது. கணினிப் படத்துக்கும் ஒளிப்பதிவாளர் என்று ஒருவர் வேண்டும் என்பதை நம் ஊரில் ஒரு படக்குழு ஏற்றுக்கொண்டதே பெரிய விஷயம் என்று அப்போது மகிழ்ந்தேன். அதன் பிறகு அந்தப் பழக்கம் இங்கே வேரூன்றாமல் போனதில் எனக்கு இன்றும் வருத்தம் உண்டு. அனிமேஷன் கற்க வரும் நம் பிள்ளைகளுக்கு முதல் மாதத்திலேயே மென்பொருளைத் திறந்து கொடுத்துவிடுகிறார்கள். கேமராவைக் கையில் பிடித்து ஒரு நாள் முழுக்க ஒரு ஜன்னலைப் படம்பிடித்தவர்கள் அவர்களில் மிகக் குறைவு.

டீக்கின்ஸின் பாதை அங்கேயே நிற்கவில்லை. அனிமேஷனுக்குப் போய் வந்தவர் திரும்பவும் நடிகர்களிடமே வந்தார். பதின்மூன்று முறை பரிந்துரைக்கப்பட்டும் கிடைக்காத ஆஸ்கர், பதினான்காவது முறையாக 'பிளேட் ரன்னர் 2049'க்காக 2018-இல் கிடைத்தது. 2020-இல் '1917'க்காக மீண்டும் கிடைத்தது. பின்னதில், இடிந்த ஊரின் மேல் இரவில் வெளிச்சக் குண்டுகள் எழுந்து விழும் காட்சிக்கு, முதலில் அந்த ஊரை மேசைமேல் வைக்கும் சிறு மாதிரியாகச் செய்து, அதற்குள் சிறிய விளக்கை நகர்த்தி, ஒவ்வொரு நிழலும் எந்தச் சுவரில் எவ்வளவு நேரம் ஊர்ந்து போகும் என்று பார்த்து வைத்துக்கொண்டார்கள். அதைப் படித்தபோது ஸ்டாப் மோஷன் கூடத்துக்கும் போர்க்களப் படத்துக்கும் நடுவே இருந்த கடைசிச் சுவரும் எனக்கு இல்லாமல் போனது.

இப்போது நான் புதுச்சேரியில் வசிக்கிறேன். வருடத்தில் சில மாதங்கள் படப்பிடிப்புகளில் இரண்டாம் கேமராவைப் பார்த்துக்கொள்கிறேன், மீதி மாதங்கள் அனிமேஷனுக்கு ஒளியூட்டுகிறேன். சென்ற ஜனவரியில் உதவியாளர்களாகச் சேர்ந்த இரண்டு இளைஞர்களைத் தாவரவியல் பூங்காவுக்கு அழைத்துப் போனேன். சாம்பல் நிறப் பந்து ஒன்றும், கண்ணாடியைப் போல மெருகேற்றிய உலோகப் பந்து ஒன்றும் கொண்டுபோனோம். ஓரிடத்தின் ஒளி எந்தெந்தத் திசைகளிலிருந்து வருகிறது என்று பதிவுசெய்து, கணினிக்குள் அதே ஒளியை உண்டாக்கப் படப்பிடிப்புத் தளங்களில் இவற்றைப் பயன்படுத்துவார்கள். காலை ஏழரை மணிக்கு ஒரு பெரிய மரத்தடியில் பந்தை வைத்து, உங்கள் கண்ணுக்குத் தெரிவதை முதலில் காகிதத்தில் எழுதுங்கள், அதற்குப் பிறகுதான் படம் என்றேன்.

இருவரில் இளையவள் வெகுநேரம் குனிந்து பார்த்துவிட்டு எழுதிக் காட்டினாள்: கிழக்கே இலைகளின் இடைவெளி வழியே வெயில், சாம்பல் பந்தில் நான்கு பொட்டுகள், மேலே இலைகளின் பச்சை, மிக மங்கல், கீழே செம்மண் தரையிலிருந்து ஆரஞ்சு, பந்தின் அடிப்பக்கம் முழுக்க, மேற்கே எதுவும் இல்லை, இருட்டு. "சார், மேற்குப் பக்கம் ஏதாவது வைக்கணுமா?" என்று கேட்டாள். வேண்டாம்மா, அப்படியே இருக்கட்டும் என்றேன். அவள் அந்த வரியின் கீழே ஒரு கோடு போட்டுக்கொண்டாள்.